சுண்டிப் பார்க்கும் விரல்

(தென்காசியில் வாசகர் கூட்டம் ஒன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



சாரல் விழுகிற சனிக்கிழமைச் சாயங்காலத்தில், ஐந்தருவிப் பக்கம் போகாமல் சட்டப் பேச்சுக் கேட்க இத்தனை பேர் வந்திருப்பது எனக்கே ஆச்சரியம். வாசலில் நனைந்த குடைகளைச் சாய்த்து வைத்திருக்கிறீர்கள். திரும்பிப் போகும்போது குடை மாறினால், திருட்டுக்குப் பழைய சட்டத்தில் 379, புதிய சட்டத்தில் 303 என்று கடைசியில் என்னிடம்தான் வந்து நிற்பீர்கள். பார்த்து எடுத்துக்கொள்ளுங்கள்.

சட்டத்தை இந்த ஊர்க்காரர்களிடம் பேசுவதில் எனக்கு ஒரு கூச்சமும் உண்டு. இங்கே குற்றாலத்தில் வாழ்ந்த ரசிகமணி டி.கே.சி. சட்டம் படித்துப் பட்டம் வாங்கியவர். அதை மூட்டை கட்டி வைத்துவிட்டுக் கம்பனைப் பிடித்துக்கொண்டார். அவ்வளவு புத்தி எனக்கு வரவில்லை. நாற்பது வருஷம் கட்டுகளைத் தூக்கிக்கொண்டு கோர்ட் படி ஏறி இறங்கியாகிவிட்டது.

கூட்டம் ஏற்பாடு செய்தவர்கள், "தீர்ப்பைப் பற்றி வேண்டாம் சார், அதைத்தான் டீக்கடையிலேயே பேசிடுறாங்களே" என்றார்கள். எனக்கும் அதுதான் வசதி. தீர்ப்புக்கு வெகு முன்னால், சாட்சிக் கூண்டில் ஒருவர்கூட ஏறுவதற்கு முன்னால், ஒவ்வொரு பெரிய வழக்கிலும் ஒரு நாள் வருகிறது. நீதிபதி போலீஸ் கொடுத்த காகிதங்களைப் புரட்டி, இந்த மனிதன்மேல் வழக்கு நடத்தலாமா, இப்போதே அனுப்பிவிடலாமா என்று முடிவு செய்கிற நாள். நடத்தலாம் என்றால் குற்றச்சாட்டு வனைவார். வேண்டாம் என்றால் விடுவிப்பார். அந்த முடிவு சரியா என்று மேல் கோர்ட் பார்க்கலாமா, எவ்வளவு தூரம் பார்க்கலாம்? அதுதான் இன்றைக்கு நம் பேச்சு.

முதலில் ஒரு சொல்லைப் பிரித்துவிடுகிறேன். விடுவிப்பு வேறு, விடுதலை வேறு. செய்தித்தாள்கள் இரண்டையும் 'விடுதலை' என்றே போட்டுவிடுகின்றன. ஊரில் வெடியும் ஒன்றேதான் போடுகிறார்கள். விசாரணை முழுக்க நடந்து, சாட்சிகளைக் கேட்டு, குற்றம் நிரூபணமாகவில்லை என்று சொன்னால் அது விடுதலை. அது நிற்கும்வரை அதே குற்றத்துக்காக அந்த மனிதனை மறுபடி கூண்டில் ஏற்ற முடியாது. விடுவிப்பு என்பது விசாரணையே தொடங்காமல் திருப்பி அனுப்புவது. நாங்கள் டிஸ்சார்ஜ் என்போம். அதில் கதவு சாத்தப்படுகிறது; பூட்டு போடுவதில்லை.

இப்போது அந்த நாள் எப்படி இருக்கும் என்று பக்கத்தில் போய்ப் பார்ப்போம்.

சில வருஷங்களுக்கு முன்னால் சீசன் சமயத்தில் குற்றாலத்தில் வண்டி நிறுத்துகிற இடத்தில் ஒரு தகராறு. வெளியூர் வேன்காரர்களுக்கும் உள்ளூர்ப் பையன்களுக்கும் வாய்த்தகராறு முற்றிக் கைகலப்பு. ஒருவருக்கு மண்டையில் தையல். ஆறு பேர்மேல் வழக்கு. சட்டவிரோதமாகக் கூடியது, ஆயுதத்தோடு கலகம், அப்புறம் ஆபாச வசவுக்கு 294(பி), அடித்ததற்கு 323, கொலை மிரட்டலுக்கு 506(2). இந்தக் கடைசி மூன்றும் எங்கள் பக்கத்துப் போலீஸ் ஸ்டேஷன்களில் ஒரே பிரசவத்தில் பிறந்த பிள்ளைகள். ஒன்று இருந்தால் மற்ற இரண்டும் கூடவே இருக்கும். ஆறாம் எதிரி இலஞ்சிப் பக்கத்து இளைஞர் ஒருவர். ஏசி மெக்கானிக். வெளியாட்களுக்காக ஒன்று சொல்ல வேண்டும்: கோர்ட் தமிழில் குற்றம் சாட்டப்பட்டவருக்கு 'எதிரி' என்றுதான் பெயர். யாருக்கு எதிரி என்று யாரும் கேட்பதில்லை.

அந்த இளைஞர் என் கட்சிக்காரர். குற்றச்சாட்டு வனையும் நாளன்று நான் பக்கத்தில் நின்றேன். ஆறு பேரும் கூண்டுக்கு வெளியே வரிசையாக நின்றார்கள். பெஞ்ச் கிளார்க் ஒரு தாளை எடுத்து மூச்சு விடாமல் வாசித்தார். இன்ன தேதியில், இன்ன மணிக்கு, பொதுவான கருத்துடன் சட்டவிரோதமாகக் கூடி… அருவி இரைச்சலில் பேச்சு கேட்பது போல வார்த்தைகள் வந்து போயின. "குற்றத்தை ஒத்துக்கிறீங்களா?" "இல்லீங்கய்யா" என்று ஆறு பேரும் சொன்னார்கள். கையெழுத்து. வாய்தா. மொத்தம் இரண்டு நிமிஷம் இருக்கும். வெளியே வேப்பமரத்தடிக்கு வந்ததும் அந்தப் பையன் என்னிடம் கேட்டார்: "சார், பைக்கைப் பஞ்சர் ஒட்ட விட்டுட்டு நான் டீ குடிக்கப் போயிருந்தேன்லா, அதை எப்ப சொல்லணும்?"

அவர் சொல்ல நினைத்ததைச் சொல்லும் இடம் அதற்குப் பிறகு மூன்று வருஷம் தள்ளித்தான் வந்தது. ஆனால் அவர் எதுவுமே சொல்லாமல் தப்பிக்க முடிந்திருக்கக்கூடிய இடம் அந்த இரண்டு நிமிஷத்துக்கு முன்னால் இருந்தது. வழக்குக் கட்டில் பதினோரு சாட்சிகளின் போலீஸ் வாக்குமூலம். ஒருவர்கூட அவர் பெயரைச் சொல்லவில்லை, அடையாளமும் சொல்லவில்லை. பார்வை மகஜரில் அவருடைய பைக் நம்பர் ஒரு வரி. அவ்வளவுதான். டிஸ்சார்ஜ் பெட்டிஷன் போட்டிருக்க வேண்டும். நான் போடவில்லை. ஆறு பேருக்கும் சேர்த்து நடத்திக்கொள்ளலாம், தனி பெட்டிஷனுக்குத் தனி வாய்தா, தனிச் செலவு என்று கணக்குப் போட்டேன். அந்தக் கணக்கு தப்பு. அவரிடம் பிறகு மீண்டும் வருகிறேன்.

'வனைதல்' என்று சொன்னேன். அரசின் சட்டத் தமிழில் இதற்கு இந்தச் சொல்லைத் தேர்ந்தவர் யாரோ, பானை வனைவதைப் பார்த்தவராகத்தான் இருக்க வேண்டும். போலீஸ் கொண்டுவந்து கொட்டுகிற மண்ணை நீதிபதி சக்கரத்தில் வைத்து ஒரு வடிவத்துக்குக் கொண்டுவருகிறார். இன்ன செயல், இன்ன பிரிவு, இன்ன தேதி. பொங்கலுக்குப் பானை வாங்கப் போகிற நம் வீட்டுப் பெண்கள் என்ன செய்வார்கள்? கையில் எடுத்து விரலால் சுண்டுவார்கள். டங் என்று கணீரென ஒலித்தால் நல்ல பானை. பொத்தென்று கேட்டால் எங்கோ கீறல். அடுப்பில் ஏற்றி, அரிசி போட்டு, பொங்கவிட்டுப் பார்த்துத்தான் வாங்குவேன் என்று யாரும் கடையில் அடம் பிடிப்பதில்லை. சுண்டாமல் வாங்குகிறவர்களும் இல்லை. குற்றச்சாட்டு வனையும் கட்டத்தில் நீதிபதிக்கு உள்ள வேலை அந்தச் சுண்டல் மட்டும். அடுப்பில் ஏற்றுவது விசாரணை.

முன்பெல்லாம் இப்படி இல்லை. பழைய 1898-ஆம் வருஷத்துக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் பெரிய வழக்குகளைச் செஷன்ஸ் கோர்ட்டுக்கு அனுப்பும் முன் ஒரு நடுவர் தனியாக விசாரணை நடத்துவார். சாட்சிகளை அங்கே ஒரு தடவை, பிறகு செஷன்ஸில் ஒரு தடவை என்று இரண்டு முறை கூண்டில் ஏற்றுவார்கள்.

அந்தக் காலத்து வழக்கு ஒன்று நமக்குக் கூப்பிடு தூரத்திலேயே இருக்கிறது. செங்கோட்டை. 1911 ஜூன் 17 அன்று மணியாச்சி ரயில் நிலையத்தில் திருநெல்வேலி கலெக்டர் ஆஷைச் சுட்டுவிட்டு, வாஞ்சிநாதன் தன்னையும் சுட்டுக்கொண்டார். ஆஷ் கொலையைப் பேச ஆரம்பித்தால் இந்த ஊரில் விடிய விடியப் பேசலாம், சண்டையும் போடலாம். நான் வக்கீல் கண்ணோடு ஒரே ஒரு விஷயத்தைத்தான் எடுக்கிறேன். சுட்டவர் இறந்துவிட்டார். பிறகு வழக்கு யார்மேல்? நீலகண்ட பிரம்மச்சாரியை முதல் எதிரியாக வைத்துப் பதினான்கு பேர்மேல். வாஞ்சியின் மைத்துனர் சங்கரகிருஷ்ணனும் அதில் ஒருவர். அரசருக்கு எதிராகப் போர் தொடுக்கச் சதி என்பது ஒரு குற்றச்சாட்டு. கொலைக்கு உடந்தை என்பது இன்னொன்று. சென்னை உயர் நீதிமன்றத்தில் தலைமை நீதிபதி ஆர்னால்டு ஒயிட், நீதிபதி எய்லிங், நீதிபதி சங்கரன் நாயர் ஆகிய மூவர் கேட்டார்கள். 1912 பிப்ரவரியில் தீர்ப்பு. ஒன்பது பேருக்குத் தண்டனை. நீலகண்டருக்கு ஏழு வருஷம், சங்கரகிருஷ்ணனுக்கு நான்கு. ஐந்து பேர் விடுதலை. சதி என்ற பானை அடுப்பில் நின்றது. கொலைக்கு உடந்தை என்ற பானை விட்டுப்போயிற்று. சங்கரன் நாயர் மற்ற இருவரோடு ஒத்துப்போகாமல் தனியாக எழுதினார்.

இதை ஏன் சொல்கிறேன் என்றால், ஒரே சாட்சியத்தை மாதக்கணக்கில் கேட்ட மூன்று தேர்ந்த நீதிபதிகளே ஒரு முடிவுக்கு வரவில்லை. அப்படியிருக்க, சாட்சியே வராத ஒரு நாளில், காகிதத்தை மட்டும் பார்த்து ஒரு நீதிபதி எவ்வளவு தூரம் போகலாம்? அந்த நீதிபதி போனதை இன்னொரு நீதிபதி மதுரையில் உயர் நீதிமன்றக் கிளையில் உட்கார்ந்து எவ்வளவு தூரம் திருத்தலாம்? அந்த ஐந்து பேரை நினைத்தால் முதலிலேயே நன்றாகப் பார்க்கச் சொல்லத் தோன்றுகிறது. அந்த மாறுபட்ட தீர்ப்பை நினைத்தால் அவசரப்படாதே என்று சொல்லத் தோன்றுகிறது. சட்டமும் இந்த இரண்டுக்கும் நடுவில்தான் நூறு வருஷமாக நின்றுகொண்டிருக்கிறது.

இரண்டு தடவை சாட்சி கேட்பது வீண் என்று 1969-இல் சட்ட ஆணையம் தன் 41-ஆவது அறிக்கையில் சொன்னது. 1973-ஆம் வருஷச் சட்டத்தில் அந்த முன்விசாரணையை எடுத்துவிட்டார்கள். இப்போது நடுவர் செஷன்ஸ் வழக்குகளை அனுப்பிவைக்கிற தபால் ஆபீஸ். எடுத்ததற்கு ஈடாகச் செஷன்ஸ் நீதிபதி கையில் 227-ஆவது பிரிவைக் கொடுத்தார்கள்: வழக்கு நடத்தப் போதுமான ஆதாரம் இல்லை என்றால் எதிரியை விடுவி, காரணத்தையும் எழுது. நடுவர் கோர்ட்டுக்கு 239. அதிலும் அப்படித்தான். 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டத்தில் இவை 250, 262. எண் மாறியிருக்கிறது, ஒரு கெடுவும் வந்திருக்கிறது. டிஸ்சார்ஜ் கேட்பவர் அறுபது நாளுக்குள் கேட்க வேண்டும். செஷன்ஸில் ஒப்படைப்பு நாளிலிருந்து, நடுவர் கோர்ட்டில் நகல் கொடுத்த நாளிலிருந்து. இங்கே இளம் வக்கீல்கள் நாலைந்து பேர் இருக்கிறீர்கள். குறித்துக்கொள்ளுங்கள். என்னைப் போலக் கணக்குப் போட உங்களுக்கு நேரம் கிடையாது.

'போதுமான ஆதாரம்' என்றால் எவ்வளவு? 1977-இல் பீகார் வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் பலமான சந்தேகம் இருந்தாலே போதும் என்றது. 1978-இல் பிரபுல்ல குமார் சமல் வழக்கில் இன்னும் நுணுக்கமாகச் சொன்னது: நீதிபதி வெறும் தபால்காரர் அல்ல, காகிதங்களைப் புடைத்துப் பார்க்கலாம். ஆனால் விசாரணை நடத்துவது போலத் துருவக்கூடாது. இரண்டு முடிவுக்கும் இடம் இருந்து, வெறும் சந்தேகம் மட்டும் எழுகிறது, பலத்த சந்தேகம் எழவில்லை என்றால் விடுவிக்கலாம்.

வெறும் சந்தேகத்துக்கும் பலத்த சந்தேகத்துக்கும் என்ன வித்தியாசம் என்று ஜூனியர்கள் கேட்கும்போது நான் சட்டப் புத்தகத்தைத் திறப்பதில்லை. குற்றாலத்தைக் காட்டுவேன். மலைமேல் கருமேகம் கூடியிருக்கிறது. அது வெறும் சந்தேகம். அதற்காக ஒருத்தரும் குளியலை நிறுத்த மாட்டார்கள். விழுகிற தண்ணீர் செம்மண் நிறமாக மாறி, சருகும் சுள்ளியும் சேர்ந்து வர ஆரம்பித்தால் அது பலத்த சந்தேகம். காவலுக்கு நிற்கிற போலீஸ்காரர் அப்போதே விசில் அடிக்க வேண்டும். வெள்ளம் வந்ததா என்று நிரூபணம் ஆகும்வரை காத்திருந்தால் என்ன ஆகும் என்பதை 2024 மே 17 அன்று பழைய குற்றாலத்தில் பார்த்தோம். ஒரு பள்ளி மாணவனைப் பறிகொடுத்தோம். அதே சமயம், மேகத்தைக் கண்டதற்கெல்லாம் விசில் அடித்தால் ஊரில் சீசனே இருக்காது. நீதிபதி பார்க்க வேண்டியது தண்ணீரின் நிறத்தை.

இதில் எதிரிகளுக்குப் பெரிய இடி ஒன்று 2004-இல் விழுந்தது. ஒடிசாவின் தேவேந்திர நாத் பாதி வழக்கு. குற்றச்சாட்டு வனையும் கட்டத்தில் எதிரி தன் பக்கத்து ஆவணம் எதையும் காட்ட முடியாது. போலீஸ் கொடுத்த கட்டுக்குள் இருப்பதை வைத்துத்தான் பேச வேண்டும் என்று மூன்று நீதிபதிகள் சொன்னார்கள். ஆக என் கட்சிக்காரர் பஞ்சர் கடைக்காரரையே அன்றைக்குக் கூட்டி வந்திருந்தாலும் பயனில்லை. ஆனால் போலீஸ் கட்டே அவரைக் காட்டவில்லை என்று சொல்லியிருக்கலாம். சுண்டினால் கீறல் கேட்டிருக்கும்.

சரி, முடிவு எடுத்தாகிவிட்டது. பிடிக்கவில்லை. மேலே போகலாமா?

1973 சட்டத்தின் 397-ஆவது பிரிவு சீராய்வுக்கு, அதாவது ரிவிஷனுக்கு, வழி கொடுத்துவிட்டு, அடுத்த உட்பிரிவிலேயே இடைக்கால உத்தரவுகளுக்குச் சீராய்வு கிடையாது என்றது. வாய்தா கொடுத்ததற்கெல்லாம் மேலே ஓடினால் வழக்கு நகராது என்பதற்காக வைத்த தடை. குற்றச்சாட்டு வனைகிற உத்தரவு இடைக்காலமா, இறுதியா? வழக்கை அது முடிக்கவில்லை, ஆகவே இறுதி இல்லை. ஆனால் எதிர்மாதிரி முடிவு எடுத்திருந்தால் வழக்கே முடிந்திருக்கும், ஆகவே வெறும் இடைக்காலமும் இல்லை. 1977-இல் மது லிமாயி வழக்கில் உச்ச நீதிமன்றம் இரண்டுக்கும் நடுவில் திண்ணை மாதிரி ஓர் இடம் கண்டது. வீட்டுக்குள்ளும் இல்லை, தெருவிலும் இல்லை. அந்தத் திண்ணையில் உட்கார்ந்துதான் இத்தனை வருஷமாக நாங்கள் ரிவிஷன் போடுகிறோம். செஷன்ஸுக்கும் போகலாம், உயர் நீதிமன்றத்துக்கும் போகலாம். ஒரே ஆள் இரண்டுக்கும் போக முடியாது.

போனால் அங்கே என்ன பார்ப்பார்கள்? 2012-இல் அமித் கபூர் வழக்கில் உச்ச நீதிமன்றம் நீளமாகச் சொன்னதன் சாரம் இதுதான்: கட்டில் இருப்பதை அப்படியே உண்மை என்று வைத்துக்கொண்டு பார். அப்போதும் குற்றம் தெரியவில்லை என்றால் தலையிடு. சாட்சியை எடை போடாதே. மேல் கோர்ட்டும் சுண்டத்தான் வேண்டும். கீழ்க் கோர்ட் சுண்டியது சரியாக இருந்ததா என்று. அடுப்பு அங்கேயும் கிடையாது.

இங்கேதான் எனக்கு ஒரு குறை. விடுவித்தால் காரணம் எழுது என்கிறது சட்டம். வனைந்தால் எழுத வேண்டியதில்லை. 2000-ஆம் வருஷம் காந்தி பத்ர ஷா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை உறுதிப்படுத்தியது: விசாரணை நீதிமன்றங்களுக்கு ஏற்கெனவே மலை போல வேலை, குற்றச்சாட்டு வனைவதற்கெல்லாம் நீண்ட உத்தரவு எழுதச் சொல்லாதீர்கள் என்றது. தாலுகா கோர்ட்டில் காலையில் அழைப்புப் பட்டியலைப் பார்த்தவர்களுக்கு அதில் நியாயம் தெரியும். இன்னொரு வாதமும் உண்டு: அதே நீதிபதிதான் பிறகு வழக்கை விசாரிக்கப் போகிறார், இன்றைக்கே பக்கம் பக்கமாக எழுதினால் அவர் மனசு ஒரு பக்கம் இறுகிவிடும். இதையும் நான் மறுக்கவில்லை.

ஆனால் விளைவைப் பாருங்கள். மேல் கோர்ட் மனிதனைப் பார்ப்பதில்லை, தாளைப் பார்க்கிறது. அச்சடித்த படிவத்தில் பெயரும் பிரிவும் மட்டும் நிரப்பிய தாளில், கீழ் நீதிபதி சுண்டினாரா இல்லையா என்று எப்படித் தெரியும்? கட்டை முழுக்க வரவழைத்து முதலிலிருந்து படிக்க வேண்டும். அதற்கு வருஷங்கள். எனக்கு அரைப் பக்கம் போதும்: இன்ன எதிரிக்கு எதிராக இன்ன சாட்சி இன்னது சொல்கிறார், ஆகவே இன்ன பிரிவு. ஆறு எதிரிக்கு ஆறு வரி. அந்த ஆறாவது வரியை எழுத உட்கார்ந்திருந்தால், பேனா நின்றிருக்கும்.

காரணம் எழுதினால் எல்லாம் சரியாகிவிடுமா என்றால், அதுவும் இல்லை. நம் தென் மாவட்டத்திலிருந்தே சொல்கிறேன். கன்னியாகுமரி மாவட்டத்தைச் சேர்ந்த முன்னாள் அமைச்சர் சுரேஷ்ராஜன்மேல் வருமானத்துக்கு மீறிச் சொத்து சேர்த்த வழக்கு. கீழ்க் கோர்ட் விடுவித்தது. சென்னை உயர் நீதிமன்றமும் 2010-இல் சரி என்றது. சொத்துகள் குடும்பத்தார் பெயரில் இருக்கின்றன, அவர்களுக்குத் தனி வருமானம், வருமான வரிக் கணக்கும் காட்டியிருக்கிறார்கள் என்பது வாதம். 2014 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் இதைத் தூக்கி எறிந்தது. வரி கட்டியிருக்கிறார்கள் என்பதாலேயே சொத்து அவர்களுடையதுதான் என்று ஆகிவிடாது. அதெல்லாம் விசாரணையில் பார்க்க வேண்டியது என்றது. அதே தீர்ப்பில் இன்னொரு முன்னாள் அமைச்சர் பொன்முடியின் விடுவிப்பும் ரத்தானது. 2002-இல் பதிவான அந்த வழக்கு, விசாரணை முடிந்து வேலூரில் விடுதலை என்று ஆனபோது தேதி 2023 ஜூன் 28.

அதே வருஷம் ஆகஸ்ட்டில் நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ் அந்த விடுதலையைத் தாமாக முன்வந்து சீராய்வுக்கு எடுத்தார். சில நாளில் அவர் பார்வை ஸ்ரீவில்லிபுத்தூர் பக்கம் திரும்பியது. அப்போது அமைச்சர்களாக இருந்த சாத்தூர் ராமச்சந்திரன், தங்கம் தென்னரசு இருவரையும் அங்குள்ள கோர்ட் வெவ்வேறு வழக்குகளில் விடுவித்திருந்தது. அந்த உத்தரவுகளைப் படித்த பிறகு மூன்று நாள் தூக்கம் வரவில்லை என்று அவர் கோர்ட்டிலேயே சொன்னதாகப் பத்திரிகைகள் எழுதின. தூக்கம் கெட்டதற்குக் காரணம் என்ன? இரண்டு வழக்கிலும் குற்றப்பத்திரிகை போட்டது லஞ்ச ஒழிப்புத் துறைதான். 2021-இல் ஆட்சி மாறியது. எதிரிகள் டிஸ்சார்ஜ் மனுவில் சொன்னவற்றையே எடுத்துக்கொண்டு அதே துறை மேல்விசாரணை நடத்தியது, வழக்கு ஒன்றுமில்லை என்று அறிக்கை கொடுத்தது, கோர்ட் ஏற்றுக்கொண்டது. 2004-இல் எதிரிக்குச் சாத்திய கதவு இருக்கிறதே, அவர் ஆவணம் காட்ட முடியாது என்ற கதவு, அதைச் சுற்றிப் போலீஸே அவர் ஆவணத்தைத் தன் கட்டுக்குள் வைத்துக் கொண்டுபோய்க் கொடுத்தது மாதிரி. வனைந்தவரே வந்து, "பானையில் கீறல் இருக்கிறது, நான்தான் கவனிக்கவில்லை" என்றால் சுண்டுகிறவர் என்ன செய்வார்!

2024 ஆகஸ்ட் 7 அன்று இரண்டு விடுவிப்பையும் உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. குற்றச்சாட்டு வனைந்து தினசரி விசாரணை நடத்தச் சொன்னது. அடுத்த மாதமே உச்ச நீதிமன்றம் இடைக்காலத் தடை கொடுத்தது. முன்னாள் முதல்வர் ஓ. பன்னீர்செல்வம் வழக்கும் கிட்டத்தட்ட இதே பாதைதான், கட்சி மட்டும் அப்போது வேறு. சிவகங்கை கோர்ட் 2012-இல் விடுவித்தது. 2024 அக்டோபரில் உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்தது. நவம்பரில் அதற்கும் தடை வந்தது. இவர்கள் யாராவது குற்றம் செய்தவர்களா என்று நான் ஒரு வார்த்தை சொல்லவில்லை. அது அடுப்பில் ஏற்றினால்தான் தெரியும். சொல்வது இதுதான்: சுண்டிப் பார்க்கும் வேலையிலேயே பத்து, பன்னிரண்டு வருஷம் போய்விட்டது.

தாமாக முன்வந்து எடுப்பது பற்றி வக்கீல்களுக்குள்ளேயே இரண்டு கட்சி உண்டு. கேட்பார் இல்லாத உத்தரவை யார்தான் கேட்பது என்பது ஒன்று. அரசும் எதிரியும் ஒரே பக்கம் நின்றால் மேல்முறையீடு செய்ய ஆளே இல்லையே. ஒரு நீதிபதி எந்த வழக்கை எடுப்பது, எதை விடுவது என்று எப்படித் தேர்ந்தெடுக்கிறார் என்பது இன்னொன்று. எனக்கு முதல் கட்சிப் பக்கம் சாய்வு அதிகம். விடுதலையைச் சீராய்வில் நேரடியாகத் தண்டனையாக மாற்றச் சட்டம் இடம் கொடுக்காது. விடுவிப்பைத் திருத்தினால் நடப்பது விசாரணை மட்டும்தான். அதில் யாருக்கும் அநியாயம் இல்லை, விசாரணை உண்மையிலேயே நடந்தால்.

நடப்பதைத் தடுப்பது 'ஸ்டே' என்ற இரண்டெழுத்து. ரிவிஷன் போட்டுத் தடை வாங்கிவிட்டால் கீழ்க் கோர்ட்டில் கட்டு அலமாரிக்குப் போய்விடும். 2018-இல் ஏஷியன் ரீசர்ஃபேசிங் வழக்கில் உச்ச நீதிமன்றம், குற்றச்சாட்டு வனைந்த உத்தரவில் உயர் நீதிமன்றம் அபூர்வமாகத்தான் தலையிட வேண்டும், எந்தத் தடையும் ஆறு மாதத்தில் தானாகக் காலாவதியாகும் என்றது. குமாஸ்தாக்கள் நாட்காட்டியில் ஆறாவது மாதத்தைச் சுழித்து வைத்துக்கொண்ட காலம் அது. 2024 பிப்ரவரி 29 அன்று ஐந்து நீதிபதிகள் அந்தத் தானியங்கி விதியை எடுத்துவிட்டார்கள். கோர்ட் தாமதத்துக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக்கூடாது என்பது காரணம். சரியான காரணம்தான். ஆனால் அலமாரி பழையபடி நிறைய ஆரம்பித்துவிட்டது.

இங்கிருந்து மதுரைக் கிளைக்குப் போகும் பஸ் கடையநல்லூர், புளியங்குடி, ராஜபாளையம் தாண்டி ஸ்ரீவில்லிபுத்தூரில் நிற்கும். 2004-இல் கிளை வருவதற்கு முன்னால் ஒரு ரிவிஷனுக்காக ராத்திரி முழுக்கப் பயணம் செய்து சென்னைக்கு ஓடியவர்கள் நாங்கள். இப்போது விடியற்காலையில் கிளம்பினால் பத்தரைக்குக் கோர்ட்டில் இருக்கலாம். தூரம் குறைந்தது உண்மை. ஆனால் அந்தப் பஸ்ஸில் கட்டோடு உட்கார்ந்து போகிறவர்களில், மண்டை உடைப்பு வழக்கில் ஆறாம் எதிரியாகச் சேர்க்கப்பட்ட மெக்கானிக்குக்காகப் போகிறவர் யாரும் இருக்க மாட்டார். அவருக்கு நகல் செலவு, வக்கீல் செலவு, ஒரு நாள் கூலி. "கேஸை நடத்தி முடிச்சிருங்க சார்" என்பார். கோடிக்கணக்கான சொத்து வழக்குகளில் டிஸ்சார்ஜ், ரிவிஷன், ஸ்டே என்று மூன்று மாடி ஏறி இறங்குகிற சட்டம், அவருக்கு வாசலோடு நின்றுவிடுகிறது. அதனால்தான் முதல் நீதிபதியின் அந்த அரைப் பக்கத்தின்மேல் எனக்கு இவ்வளவு பிடிவாதம். பணமில்லாதவருக்கு முதல் சுண்டலே கடைசிச் சுண்டல்.

அந்தப் பையன் வழக்கு ஆறு வருஷம் நடந்தது. இடையில் கத்தாரில் வேலைக்கு ஆள் எடுத்தார்கள். வழக்கு நிலுவையில் இருப்பவர் பாஸ்போர்ட் வாங்கக் கோர்ட் அனுமதி வேண்டும். மனு போட்டு உத்தரவு வாங்குவதற்குள் அந்த இடத்துக்கு வேறு ஆள் போய்விட்டார். கடைசியில் ஆறு பேரும் விடுதலை. தையல் போட்ட வேன்காரரே கூண்டில் ஏறி, "யாருன்னு அடையாளம் தெரியலீங்க" என்று சொல்லிவிட்டுப் போனார்.

வேறு ஒரு கம்பெனியில் கேட்கிறார்கள் என்று தீர்ப்பு நகல் வாங்க வந்தார். கூடவே குற்றச்சாட்டுத் தாளின் நகலும் இருந்தது. என் மேஜையில் உட்கார்ந்து அதை முதல் தடவையாக நிதானமாக வாசித்தார். பைக் எங்கேயாவது வருகிறதா என்று தேடினார், வரவில்லை. கீழே ஆறு கையெழுத்துகள். ஆறாவதில் விரலை வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் பார்த்தார்.

"என் கையெழுத்துதான் சார். எப்ப போட்டேன்னுதான் தெரியல."

கேள்விகள் இருந்தால் கேட்கலாம். மழை இன்னும் விடவில்லை.